இராஜாஜியும் கள்ளுக்கடை வருமானமும்

பெரியோர் சரித்திரம் எழுதுவோர் அவர் பிறந்த குடியையும், கற்ற கல்வியையும், வகித்த பதவிகளையும் முறைப்படக் கூறி, இறுதியிற் புகழுரை சாற்றி முடிப்பது வழக்கம். சக்கரவர்த்தி இராஜகோபாலாச்சாரியார் சரித்திரத்தை அங்ஙனம் எழுதப் புகுந்தால் நம் இதழின் ஓராண்டுப் பக்கங்களும் போதா. அவர் வக்கீல், நகராட்சித் தலைவர், சிறை புகுந்த தேசத் தொண்டர், சென்னை இராஜதானியின் பிரதம மந்திரி, இந்திய தேசத்தின் கவர்னர் ஜெனரல், இராமாயண பாரதங்களை எளிய தமிழில் எழுதிய நூலாசிரியர். இவை யாவும் நம் அன்பர்கள் அறிந்தனவே. ஆகலின், அவர் தம் வாழ்நாளில் ஐம்பதாண்டு காலம் விடாது பற்றி நின்ற ஒரே பொருளை மட்டும் ஈண்டு எடுத்துக்கொண்டோம். மதுவை விற்று அரசாங்கம் பெறும் பணம் என்பதே அப்பொருள். அதனை ஒழிக்க முயன்றபோது அவர் புதிதாக ஒன்றை உண்டாக்கினார். கடை வைத்து வாணிகம் செய்யும் நம் அன்பர்கள் அதனை நாள்தோறும் நினைக்கின்றனர். உண்டாக்கியவர் இன்னார் என்பதை மட்டும் மறந்துவிட்டனர்.

இராஜாஜி 1878ஆம் ஆண்டு டிசம்பர் மாதம், அக்காலத்துச் சேலம் ஜில்லாவில் ஓசூருக்கு அணித்தாகிய தொரப்பள்ளி என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் அவ்வூர்க் கிராம முன்சீபாக இருந்தவர். நிலவரி தண்டும் உத்தியோகம் அது. வரி என்பது ஏழைக் குடியானவன் வீட்டு வாயிலில் எவ்வாறு வந்து நிற்கும் என்பதை அப்பிள்ளை இளமையிலேயே கண்டிருத்தல் கூடும். ஓசூரிலும் பெங்களூரிலும் படித்துச் சென்னையிற் சட்டம் பயின்று, 1900ஆம் ஆண்டு சேலத்தில் வக்கீல் தொழில் தொடங்கினார். தொழில் விரைவிற் செழித்தது. 1917 முதல் 1919 வரை சேலம் நகராட்சித் தலைவராகவும் இருந்தார். மனைவியாரை இளமையிலேயே இழந்து, தாயற்ற மக்களைத் தாமே வளர்த்தார். 1919இல் சென்னைக்குக் குடிபெயர்ந்தார். அவ்வாண்டே காந்தியடிகளைக் கண்டார். அடுத்த ஆண்டில் வக்கீல் தொழிலைக் கைவிட்டார்.

கள்ளுக்கடை மறியல் என்பது அக்காலத்தில்தான் தமிழ்நாட்டிற் பரவியது. 1921இல் ஈரோட்டில் ஈ.வெ. இராமசாமி நாயக்கர் முன்னின்று நடத்திய மறியலும், அவர் சிறை சென்றபின் அவர் மனைவியார் நாகம்மையாரும் தங்கையார் கண்ணம்மாளும் வீதியில் வந்து நின்றதும் நம் இல்லத்து மாதர் அறிந்து மகிழத்தக்க செய்திகள். அவ்வாண்டு இறுதியில் இராஜாஜியும் சிறைப்பட்டு மூன்று திங்கள் வேலூர்ச் சிறையில் இருந்தார்.

இவ்விடத்தில் அக்காலத்து மது வியாபாரம் நடந்த முறையைச் சிறிது விரித்துரைத்தல் வேண்டும். அதனை அறியாதார்க்கு இராஜாஜி செய்த காரியத்தின் அருமை விளங்காது.

சென்னை இராஜதானியில் 1886ஆம் ஆண்டு அப்காரிச் சட்டம் என ஒன்று ஏற்பட்டது. அதன்படி கள் இறக்க விரும்புவோன் மரம் ஒன்றுக்கு இவ்வளவு என்று மரவரி கட்டிச் சீட்டுப் பெறல் வேண்டும். வரி கட்டிய மரத்தில் எண் இடப்படும். இஃது ஒரு பணம். கள்ளை விற்கும் கடையோ ஆண்டுதோறும் ஏலத்தில் விடப்படும். உயர்ந்த தொகை கேட்டவனுக்கே கடை. இஃது இரண்டாம் பணம். சாராயமோ எனின், அரசாங்கம் குறித்த வடிசாலைகளிலிருந்தே வரல் வேண்டும். அதற்குக் காலன் அளவிற் கலால் தீர்வை உண்டு. அதனை விற்கும் கடைக்கும் ஏலம் உண்டு. குறைந்த குடியினின்று நிறைந்த வருமானம் பெறுவதே தம் கொள்கை என்று அதிகாரிகள் எழுதி வைத்தனர். எழுதியது அழகியதே. ஆயின் ஏலத்தில் ஆயிரம் ரூபாய்க்கு எடுத்த கடையை மறு ஆண்டு ஆயிரத்தைந்நூறுக்கு எடுத்தவன் யாது செய்வான்? கூடுதலான ஐந்நூறும் குடிப்பவன் மடியினின்றே வரல் வேண்டும். கடன் கொடுத்தேனும் குடிக்கப் பழக்குவான். சந்தை கூடும் நாளிற் சந்தைக்கு அருகே கடை வைப்பான். கூலி வாங்கும் நாளில் ஆலை வாயிலுக்கு எதிரே நிற்பான். நெசவாளரும், உழவுக் கூலிகளும், தோட்டத் தொழிலாளரும், தோல் பதனிடுவோருமே அவனுக்குப் பெரிய வாடிக்கைக்காரர். ஏலம் என்னும் ஏற்பாடே குடியை வளர்க்கும் ஏற்பாடாயிற்று.

இவ்வாறு வந்த பணம் சிறிதன்று. 1937ஆம் ஆண்டளவில் சென்னை இராஜதானியின் மொத்த வருமானத்தில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு கலால் வருமானமாக இருந்தது. இரட்டையாட்சிக் காலத்திற் கலாலும் கல்வியும் இந்திய மந்திரிகள் கையில் விடப்பட்ட துறைகள். பள்ளிக்கூடம் திறக்கப் பணம் வேண்டுமாயின் கள்ளுக்கடையையே நம்ப வேண்டியதாயிற்று. காந்தியடிகள் இதனைப் பலமுறை எடுத்துக் காட்டி வருந்தினார். பள்ளியாசிரியனாகிய யான் இதனை எழுதும்போது, அக்காலத்து ஆசிரியர் பெற்ற சம்பளத்தில் எத்தனை அணா எந்தக் குடிசையிலிருந்து வந்ததோ என்று எண்ணாதிருக்க இயலவில்லை.

தமிழ்ப்புலவர் சிலர், மது நம் முன்னோர்க்கும் உடன்பாடே அன்றோ என வினவுவர். உண்மையே. அதியமான் தனக்குக் கிடைத்த கள்ளை ஒளவையோடு பகிர்ந்துண்ட செய்தி புறநானூற்றிற் காணப்படும். அவ்வதியமான் ஆண்ட தகடூர் இன்றைய தருமபுரி. 1937இற் சேலம் ஜில்லாவைச் சேர்ந்திருந்த ஊர். மன்னன் புலவர்க்கு மது ஈந்த அம்மண்ணிலேதான் மதுவிலக்கும் முதன்முதல் வந்து சேர்ந்தது. வள்ளுவரோ கள்ளுண்ணாமைக்கு ஓர் அதிகாரமே வகுத்தார். இரண்டும் நம் நூல்களே. மன்னன் அவையில் உவகையோடு உண்டதனையும், கூலிக்காரன் பிள்ளைகளின் சோற்றைக் கொடுத்து உண்டதனையும் ஒன்றாக வைத்து எண்ணுதல் பொருந்தாது என்பது எம் கருத்து.

இனி இராஜாஜியிடம் மீளுவோம். 1925ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம், திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்திற் காந்தி ஆசிரமம் ஒன்றைத் தொடங்கினார். அவ்வூர்ப் பெருநிலக்கிழார் இரத்தினசபாபதிக் கவுண்டர் நிலம் உதவினார். மழை பொய்க்கும் வறண்ட பிரதேசம் அது. பெரிய வருமானத்தைத் துறந்த வக்கீல் தம் மக்களோடு சிறு குடிலில் வசித்தார். நூல் நூற்கும் பெண்களுக்குப் பஞ்சு கொடுத்து நூல் வாங்குவதும், ஆதி திராவிடச் சேரிகளுக்குச் சென்று கிணறும் மருந்தும் கிடைக்கச் செய்வதும், குடியை விடும்படி வேண்டுவதுமே அங்கு நடந்த முக்கிய வேலைகள். கதர்க் கூலி கொடுக்கும் நாளில், அப்பணம் வீட்டுக்குச் சேர்கின்றதா, கடைக்குச் சேர்கின்றதா என்பதைப் பக்கத்திலிருந்தே காணும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. மனைவி நூற்ற நூலின் காசு கணவனின் கலயத்தில் விழுந்தால் கதரால் ஒரு குடும்பமும் உய்யாது. மதுவிலக்கின்றி மற்றத் தொண்டுகள் ஓட்டைக் குடத்தில் இறைத்த நீர் என அவர் உறுதி கொண்டது இவ்வாசிரம வாழ்விலேதான் என்று சொல்லுதல் தகும்.

ஆசிரமத்திலிருந்து 1929இல் விமோசனம் என்னும் திங்களிதழை வெளியிட்டார். மதுவிலக்கு ஒன்றற்கே தமிழில் நடந்த இதழ் அது. துணையாசிரியராக வந்தவர் பிற்காலத்திற் கல்கி எனப் புகழ்பெற்ற ரா. கிருஷ்ணமூர்த்தி. எழுதப் படிக்கத் தெரியாதாரும் அறியும்படி சித்திரங்கள் நிறைந்திருந்தன. கதையும், பாட்டும், கணக்கும், கேலியும் கலந்து நடந்த அவ்விதழ் பத்து வெளிவந்து, 1930இல் உப்புச் சத்தியாக்கிரகம் வந்தபோது நின்றது. ஆசிரியர் வேதாரணியத்துக்கு நடந்து சென்று சிறை புகுந்தார். இதழை நடத்த ஆளில்லை. 1931இல் இந்திய மதுவிலக்குக் கையேடு ஒன்றை ஆங்கிலத்தில் வெளியிட்டார்.

அவர் எழுதிய திக்கற்ற பார்வதி என்னும் கதையையும் இங்குக் குறிப்பிடல் வேண்டும். நல்லவனான ஓர் இளங்குடியானவன் கள்ளுக்கடையில் அடிவைத்தபின் கடனும், வழக்கும், மானக்கேடும் அவன் இல்லாளை எங்குக் கொண்டு சேர்த்தன என்பதே கதை. கோர்ட்டு நடவடிக்கைகள் அதில் வெகு நுணுக்கமாக அமைந்திருக்கின்றன. சேலத்து வக்கீல் கண்ட வழக்குகள் கதையாசிரியருக்கு வீண் போகவில்லை. 1974இல் அஃது ஒரு திரைப்படமாகவும் வந்தது. சொந்த ஊராகிய தொரப்பள்ளியிலேயே படம் பிடித்தனர்.

1937ஆம் ஆண்டுத் தேர்தலில் காங்கிரஸ் கட்சி சென்னைச் சட்டசபையின் 215 இடங்களில் 159 இடங்களைப் பெற்றது. ஜூலை 14ஆம் நாள் இராஜாஜி பிரதம மந்திரியானார். நிதி இலாகாவைத் தம் கையிலேயே வைத்துக்கொண்டார். இதனைக் கருதிப் பார்க்க வேண்டும். மதுவிலக்கை விரும்பும் மந்திரி ஒருவரும், பணத்துக்குக் காவலிருக்கும் மந்திரி வேறொருவருமாக இருப்பின், ஒருவர் மறுப்பை மற்றவர் சாக்காகக் காட்டிக் காலம் கடத்தலாம். இவரோ இழப்பவரும் ஈடு செய்பவரும் தாமேயாக அமர்ந்தார்.

மூன்றாண்டுக்குள் மதுவிலக்கை நிறைவேற்ற வேண்டுமென்று காங்கிரஸ் காரியக் கமிட்டி தீர்மானித்திருந்தது. ஆயினும் இராஜதானி முழுவதையும் ஒரே நாளில் மூட இராஜாஜி முற்படவில்லை. நான்கில் ஒரு பங்கு வருமானம் ஒரே ஆண்டிற் போனால் நிர்வாகம் நில்லாது. ஒரு ஜில்லாவில் செய்து காட்டி, அங்குக் கற்ற பாடத்தைக் கொண்டு அடுத்ததற்குச் செல்வதே முறையெனக் கொண்டார். தம் சொந்த ஜில்லாவையே முதலிற் பிடித்தார். சட்டம் விரைந்து நிறைவேறியது. மந்திரி சபை ஏற்ற மூன்று திங்களுக்குள், 1937 அக்டோபர் முதல் நாள், சேலம் ஜில்லாவில் கள்ளுக்கடையும் சாராயக் கடையும் அடைபட்டன.

கடையை அடைப்பது எளிது. அடைத்த மறுநாள் மாலையில் அங்கு வழக்கமாக வருவோன் எங்கே போவான் என்பதே வினா. அதற்கு விடையாக ஊர்தோறும் பஜனையும், விளையாட்டும், நாடகமும் ஏற்படுத்தினர். போலீசாரை மட்டும் நம்பாது ஊர்ப் பெரியோரைக் கொண்டு குழுக்கள் அமைத்தனர். குடிப்பழக்கம் முற்றியோர்க்கும் ஐரோப்பியர்க்கும் அனுமதிச் சீட்டு முறையும் வைக்கப்பட்டது. பொருளியல் ஆராய்ச்சியாளர் சிலர் சேலத்துக் குடும்பங்களிற் கணக்கெடுத்தபோது, குடிக்குச் சென்ற காசு உணவுக்கும் துணிக்கும் பழங்கடனுக்கும் திரும்பியிருக்கக் கண்டனர். வீட்டில் அடியும் பூசலும் குறைந்தமை பற்றிப் பெண்கள் கூறியது எந்தக் கணக்கிலும் முழுதும் ஏறாது. 1938இல் சித்தூர், கடப்பை ஜில்லாக்களிலும், 1939இல் வட ஆர்க்காட்டிலும் மதுவிலக்கு வந்தது.

மரம் ஏறுவோர் நிலையை மறந்து எழுதுதல் நியாயமன்று. பனையும் தென்னையும் ஏறிப் பிழைத்த ஏழை மக்கள் ஆயிரக்கணக்கினர். கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவினால் சாறு புளியாது பதநீராகும், தடவாவிடின் கள்ளாகும். மரம் ஒன்றே, ஏறுவோன் ஒருவனே, கலயமும் ஒன்றே. இடையிலிருப்பது ஒரு பூச்சுச் சுண்ணாம்பே. ஆகவே பதநீர் இறக்கிப் பனைவெல்லம் காய்ச்சலாமென்று வழிகாட்டினர். பனைவெல்லக் கூட்டுறவுச் சங்கங்களும் தோன்றின. ஆயினும் வெல்லம் காய்ச்ச விறகு வேண்டும், பாகு வேண்டும் பதம் தெரிய வேண்டும், சந்தையில் கரும்பு வெல்லத்தோடு போட்டியிட வேண்டும். கள் இறக்கியபோது கிடைத்த கூலி இதிற் கிடைக்கவில்லை. சுண்ணாம்பு தடவிய கலயத்துக்கு அருகே தடவாத கலயம் ஒன்றும் தொங்கியது என்றால் அதற்கு ஏறுவோனை மட்டும் குறை கூறுதல் தகாது.

இனி, கலாலில் இழந்த பணத்துக்கு ஈடு காண வேண்டியதாயிற்று. நிலவரியை உயர்த்தினால் உழவன் மடிவான். அவன் கடனைக் குறைக்கவே 1938இல் தனிச்சட்டம் செய்தவர் இவர். வருமான வரியோ மத்திய அரசாங்கத்தைச் சேர்ந்தது. உப்பின்மேல் வரி விதிக்க, உப்புக்காகச் சிறை சென்றவர் இசைவாரோ? ஆகவே 1939ஆம் ஆண்டில் சில புதிய வரிகளைக் கொணர்ந்தார். மோட்டார் வண்டிக்குரிய பெட்ரோல் விற்பனையின்மேல் ஒன்று. புகையிலை விற்பனையின்மேல் ஒன்று. நாடகம், சினிமா முதலிய கேளிக்கைகளின்மேல் ஒன்று. இவற்றுக்கெல்லாம் மேலாக, எல்லாப் பண்டங்களின் விற்பனையின்மேலும் பொதுவாக ஒன்று. அவ்வாறு ஒரு பொது விற்பனை வரி இந்திய தேசத்தில் அதற்கு முன் எங்கும் இருந்ததில்லை. ஆண்டுக்குப் பதினாயிரம் ரூபாய்க்குக் குறைந்த விற்பனையுள்ள சிறு கடைக்காரருக்கு வரியில்லை. பெருவணிகருக்கு விற்பனைத் தொகையில் நூற்றுக்கு அரை ரூபாய்.

வணிகர் கொதித்தெழுந்தனர். கடையடைப்புகளும் கண்டனக் கூட்டங்களும் நடந்தன. இலாபம் உண்டோ இல்லையோ விற்றதற்கெல்லாம் வரியா என்றனர். கணக்குப் புத்தகத்தை அதிகாரி புரட்டுவதா என்றனர். குடிகாரன் செலுத்திய வரியைக் குடியாதவன் தலையில் சுமத்துவதா என்றும் சட்டசபையில் வாதித்தனர். இக்கடைசி வாதம் வலியது. இராஜாஜி கொண்ட கருத்து யாதெனின், வறியவன் ஒருவன் தன் உடலையும் குடும்பத்தையும் அழித்துக்கொண்டு தரும் பணத்தினும், எல்லாரும் சிறிது சிறிதாகப் பங்கிட்டுத் தரும் பணம் அரசாங்கத்துக்குத் தூயது என்பதே. வடிகட்டி நோக்கினால் இரண்டு வரியும் ஏழையையும் தொடுவனவே. ஆனால் ஒன்று அவன் வாங்கும் அரிசி பருப்பின் வழியாகச் சிறிது தொடும்; மற்றது அவனை அரிசி பருப்பு வாங்க முடியாதவனாக்கியே தொடும். நம் சங்கத்து வணிக அன்பர்கள் இவ்வாதத்தை ஏற்பினும் ஏலாவிடினும், விற்பனை வரி தோன்றிய நோக்கம் கள்ளுக்கடை மூடுதல் என்பதை நினைவிற் கொள்ளல் வேண்டும்.

இம்மந்திரி சபை செய்த வேறு காரியங்களுள் இந்தியைக் கட்டாய பாடமாக்கியது தமிழன்பரை மிகவும் புண்படுத்தியது. தமிழாசிரியன் என்ற முறையில் அதனை யான் ஒப்பவில்லை. பின்னாளில் 1953இல் அவர் கொணர்ந்த ஆரம்பக் கல்வித் திட்டமும் அங்ஙனமே. அரை நாள் பள்ளி, அரை நாள் குலத்தொழில் என்று பெற்றோர் அஞ்சியது வீண் அச்சமன்று. அத்திட்டத்தினாலேயே மறு ஆண்டு பதவியை விட நேர்ந்தது. ஒருவரிடம் ஒன்றைப் போற்றுவது மற்றொன்றை மறைத்தற்கு ஏதுவாகலாகாது.

1939 அக்டோபரில், ஐரோப்பிய யுத்தத்தை முன்னிட்டுக் காங்கிரஸ் மந்திரிகள் பதவி துறந்தனர். மக்கள் மந்திரிகள் இல்லாத யுத்த காலத்தில், கவர்னரும் ஆலோசகரும் நடத்திய அரசாங்கம் மதுவிலக்கை நிறுத்தி வைத்தது. அடைத்த கடைகள் மீண்டும் திறந்தன. ஆனால் விற்பனை வரியை அவ்வரசாங்கம் நிறுத்தவில்லை. இதனை வாசகர் கவனிக்க. ஒன்றுக்கு ஈடாக வந்த மற்றொன்று, முன்னது திரும்பி வந்தபின்னும் எழுந்து போகவில்லை.

1946இல் மீண்டும் காங்கிரஸ் மந்திரி சபை ஏற்பட்டு, மதுவிலக்கும் படிப்படியாகத் திரும்பியது. ஓமந்தூர் இராமசாமி ரெட்டியார் முதன்மந்திரியாக இருந்தபோது, 1948 அக்டோபர் 2ஆம் நாள் இராஜதானி முழுவதிலும் நிறைவேறியது. அன்று இராஜாஜி டெல்லியிற் கவர்னர் ஜெனரலாக இருந்தார். 1952இல் மீண்டும் சென்னை முதன்மந்திரியாகி இரண்டாண்டு இருந்தார். ஆந்திர தேசம் 1953இல் தனியே பிரிந்தபின், அங்கு மதுவிலக்கு அரசியற் பூசலாகி, 1954இல் பிரகாசம் மந்திரி சபை அது பற்றிய வாக்கெடுப்பிலேயே வீழ்ந்தது. தமிழ்நாட்டில் அஃது ஆட்டங்காணாது நின்றது.

நின்றது என்றால் எவரும் குடிக்கவில்லை என்பது பொருளன்று. மலையோரங்களிலும் ஓடைக்கரைகளிலும் கள்ளச்சாராயம் காய்ச்சினர். வாகன டியூபில் அடைத்துச் சுமந்தனர். இஞ்சி டிங்சர் என்னும் மருந்தை மருந்துக்கடையில் வாங்கிக் குடித்தவர் உண்டு; மரச்சாமானுக்குப் பூசும் வார்னீசைக் குடித்து மாண்டவரும் உண்டு. செல்வர் மருத்துவச் சான்று காட்டிச் சீட்டுப் பெற்றனர். கூலிக்காரன் சிறை சென்றான். இராஜாஜி இக்குறைகளை அறியாதவர் அல்லர். திருட்டு உண்டென்பதற்காகத் திருட்டுக்கு எதிரான சட்டத்தை எடுத்துவிடுதல் இல்லையே என்பது அவர் நிலை. அவ்வொப்புமை முழுதும் பொருந்துமா என்பதில் எமக்கு ஐயம் உண்டு. திருடப்பட்டவன் முறையிட வருவான், குடித்தவன் வருவதில்லை. எனினும், ஊர் நடுவில் விளக்கேற்றி வைத்த கடைக்கும், ஊர்ப்புறத்தில் ஒளிந்து விற்ற இடத்துக்கும் செல்லும் கால்கள் ஓரெண்ணிக்கை ஆகா. 1948க்குப் பின் பிறந்து வளர்ந்த ஒரு தலைமுறைப் பிள்ளைகள் கள்ளுக்கடையைக் கண்ணாற் காணாதே பெரியவராயினர். அது சிறிய பயன் அன்று.

1971ஆம் ஆண்டு வந்தது. பணநெருக்கடி மிகுந்தது. புதிதாக மதுவிலக்குக் கொணரும் மாநிலங்களுக்கே உதவித்தொகை, முன்னமே கொணர்ந்தவற்றுக்கு இல்லை என்று மத்திய அரசாங்கம் கூறியது. முன்னே சென்றவனுக்குத் தண்டமும் பின்னே வருவோனுக்குப் பரிசும் என்ற இம்முறை விந்தையானதே. அவ்வாண்டு ஆகஸ்டு மாத இறுதியில் மதுவிலக்கை ஒத்திவைக்க மு. கருணாநிதி மந்திரி சபை முடிவு செய்தது. இராஜாஜிக்கு அப்போது வயது தொண்ணூற்றிரண்டு. அவ்வாண்டுத் தேர்தலிற்றான் அம்முதலமைச்சரை எதிர்த்து நின்று தோற்ற அணியைச் சேர்ந்தவர். அவற்றையெல்லாம் பாராது முதலமைச்சர் இல்லத்துக்குத் தாமே சென்று, கடைகளைத் திறக்க வேண்டாமென்று கேட்டுக்கொண்டார். கொட்டும் மழையிற் சென்றார் என்று அக்காலத்தவர் சொல்வர். வேண்டுகோள் பலிக்கவில்லை. சேலத்தில் முதன்முதல் கடைகளை அடைத்து முப்பத்து நான்கு ஆண்டுகள் கழிந்து, அடைத்தவர் உயிரோடிருக்கும்போதே அவை திறந்தன. 1972 டிசம்பர் 25ஆம் நாள் இராஜாஜி காலமானார்.

அவர் மறைந்த பிற்காலத்துச் செய்தியையும் சுருங்கச் சொல்லி நிறுத்துவோம். அதே மந்திரி சபை 1973இற் கள்ளுக்கடைகளையும் 1974இற் சாராயக் கடைகளையும் மூடியது. எம்.ஜி. இராமச்சந்திரன் ஆட்சியில் 1981இல் மீண்டும் திறந்தன. 1987இல் கள்ளும் சாராயமும் மீண்டும் விலக்கப்பட்டன. அதன்பின் குடிப்பவர் கைக்கு வந்தது கரும்பாலைக் கழிவுப்பாகிலிருந்து வடித்த ஆவியைக் கொண்டு செய்யும், அயல்நாட்டு வகை எனப் பெயரிட்ட புட்டி மது. பனையேறியின் கலயத்துக்கு அங்கு இடமில்லை. 1983இல் மொத்த விற்பனைக்கென ஏற்பட்ட தமிழ்நாடு மாநில வாணிபக் கழகம், 2003 முதல் சில்லறைக் கடைகளையும் தானே நடத்தத் தொடங்கியது. ஏலக்காரன் போனான், அரசாங்கமே கடைக்காரனாயிற்று. 2016, 2017, 2023 ஆகிய ஆண்டுகளில் ஐந்நூறு ஐந்நூறு கடைகளாக மூடியும், 2023–24இல் மதுவால் வந்த வருமானம் 45,000 கோடி ரூபாயைக் கடந்தது. கடை குறைந்தது, விற்பனை குறையவில்லை. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியிற் கள்ளச்சாராயம் குடித்து அறுபதின்மருக்கு மேல் மாண்டமையால், அரசாங்கக் கடை இருந்தால் கள்ளச்சாராயம் இராது என்ற வாதமும் பழுதுபட்டது.

இராஜாஜியின் 1939ஆம் ஆண்டு விற்பனை வரிச் சட்டம் 1959இற் புதுச்சட்டமாகி, 2007இல் மதிப்புக் கூட்டு வரி எனப் பெயர் மாறியது. 2017 ஜூலை முதல் நாள் தேச முழுவதற்கும் சரக்கு, சேவை வரி வந்தபோது, துணி, எண்ணெய், பாத்திரம், மளிகை என்று பண்டங்கள் ஒவ்வொன்றாக அப்பழைய வரியை விட்டு நீங்கின. நீங்காது மாநிலத்தின் கையில் எஞ்சியவை பெட்ரோல் முதலிய எரிபொருள்களும், மனிதர் குடிக்கும் மதுவுமே. மேற்சொன்ன 45,000 கோடியிற் பெரும்பகுதி கலால் தீர்வையாக வந்ததன்று; 1939இல் கள்ளுக்கடைக்கு ஈடாகக் கொணர்ந்த அவ்விற்பனை வரியின் வழிவந்த மதிப்புக் கூட்டு வரியாக வந்தது.